அடுத்த படத்துக்கு ஆகும்

இயக்குநர் 'பேக்கப்' என்று சொன்னதும் நடிகர்கள் முகம் கழுவப் போவார்கள். கேமராக்காரர்கள் பெட்டி கட்டுவார்கள். மற்றவர்கள் சோற்றுப் பொட்டலம் எங்கே என்று தேடுவார்கள். செட் போடும் ஆர்ட் அண்ணன் மட்டும் சுவரோரம் குந்தி உட்கார்ந்து ஆணி பிடுங்குவார். 'ஃபிரண்ட்ஸ்' (2001) படத்து காண்ட்ராக்டர் நேசமணிக்கும் இவருக்கும் ஒரு நாள்கூட ஒத்துப்போயிருக்காது. தேவையில்லாத ஆணி என்று உலகத்தில் ஒன்று இருப்பதையே அண்ணன் ஒப்புக்கொள்வதில்லை.

பிடுங்கிய ஆணிகள் மைலோ டின்களுக்குப் போகும். ஒன்றரை இன்ச்சுக்கு ஒரு டின், இரண்டு இன்ச்சுக்கு ஒரு டின், வளைந்ததற்குத் தனி டின். அந்தத் தனி டின்தான் தெருவுக்கே பகை. இரவு பதினொரு மணிக்கு மேல் ஜொகூர், பெர்மாஸ் ஜெயாவின் வரிசை வீடுகளுக்கு நடுவே 'டக், டக்' என்று சத்தம் வந்தால், சிமெண்டுத் திண்டில் ஆணி நிமிர்கிறது என்று அர்த்தம். பக்கத்து வீட்டு மலாய்க்கார அம்மா சன்னலைத் திறந்து, "பாங், எசோக் லா" என்று நாளைக்கு ஒத்திவைக்கச் சொல்லிக் கெஞ்சுவார். அண்ணனும் மிகுந்த மரியாதையோடு சரி என்பார். பிறகு ஒரு துணியைச் சுற்றி அடிப்பார்.

அஸ்ட்ரோவுக்கோ ஆர்.டி.எம்.முக்கோ நாடகமோ டெலிமூவியோ எடுக்கும் எந்தத் தமிழ்க் குழுவிலும் இப்படி ஒருவர் உண்டு. ஈப்போவில் இருப்பார், கிள்ளானில் இருப்பார். ஜொகூர்க்காரர் பெர்மாஸ் ஜெயாவில் இருக்கிறார். அவருடைய தத்துவம் மூன்றே சொல்: அடுத்த படத்துக்கு ஆகும்.

எது ஆகும் என்று கேட்கக் கூடாது. எல்லாம் ஆகும். பாதி கிழிந்த திரைச்சீலை ஆகும். கால் உடைந்த நாற்காலி, சண்டைக் காட்சிக்கு ஆகும். கல்யாண மண்டபக் காட்சிக்கு வாங்கிய பிளாஸ்டிக் வாழைமரம் இரண்டு, வாசலின் இருபுறமும் வருஷம் முழுக்க நிற்கின்றன. புதிதாக வருகிறவர்கள் வீட்டில் ஏதோ விசேஷம் என்று நினைத்துக் கையில் பழம் வாங்கி வருகிறார்கள். அண்ணன் பழத்தை வாங்கிக்கொண்டு, பழக்கூடையையும் எடுத்து வைத்துக்கொள்கிறார். ஆகும்.

கார் போர்ச்சுக்குள் கார் நுழைந்து பல வருஷம் ஆகிறது. அந்த இடத்தில் அரண்மனைத் தூண் நான்கு, ஆஸ்பத்திரிக் கட்டில் ஒன்று, தோட்டத்து லயன் வீட்டுத் தகரக்கூரை, நீதிமன்றக் கூண்டு. அண்ணி கூண்டின் மேல்தான் துணி காயப்போடுகிறார். "இது வீடா, செட்டா?" என்று அவர் கேட்பதற்கு, "ரெண்டும்தான், வாடகை மிச்சம்" என்பது பதில். உண்மைதான். குழு இரண்டு முறை அந்த வீட்டின் சமையலறையிலேயே படமெடுத்திருக்கிறது. அண்ணி தன் சமையலறைக்குள் போக இயக்குநரிடம் அனுமதி கேட்கவேண்டி வந்தது.

ஒருமுறை 'பாலாய் போலிஸ்' என்று எழுதிய பலகையைத் தெருவைப் பார்த்தபடி சாய்த்து வைத்துவிட்டார். மறுநாள் காலையில் கைப்பையைப் பறிகொடுத்த ஒருவர் புகார் கொடுக்க வந்து நின்றார். அண்ணன் அவருக்கு ஒரு தே ஓ கொடுத்து, உண்மையான காவல் நிலையத்துக்கு வழி சொல்லி அனுப்பினார். பலகையை இப்போது திருப்பிப் போட்டு அதன்மேல் பெயின்ட் டின் அடுக்கியிருக்கிறார்.

இத்தனைக்கும் மேலே அந்தக் கதவு.

அதைப் பற்றிச் சொல்லாமல் அண்ணனைப் பற்றிச் சொல்ல முடியாது. முதலில் அது தோட்டத்து வீட்டுக் கதவாக அறிமுகமானது. பிறகு நீலம் அடித்துக் காவல் நிலையம் ஆனது. வெள்ளை அடித்துக் கிளினிக் ஆனது. வார்னிஷ் பூசி வில்லன் பங்களாவுக்குப் போனது. பச்சை அடித்து மாமியார் வீடு ஆனது. பூச்சுக்கு மேல் பூச்சு ஏறி இன்று அசல் பலகையைவிடச் சாயம்தான் தடிப்பு. அதை அறைந்து சாத்திவிட்டுக் கட்டிலில் விழுந்து அழுத கதாநாயகிகளில் இரண்டு பேர் இப்போது அம்மா வேடத்துக்கு வந்துவிட்டார்கள். கதவு இன்னும் கதாநாயகன் வீட்டில்தான். பார்க்கிறவர்கள் கண்டுபிடிக்க மாட்டார்களா என்று உதவி இயக்குநர் ஒருவர் கேட்டதற்கு, "கதவையா பாக்குறாங்க? கதவு தொறந்தா யாரு வர்றாங்கன்னு பாக்குறாங்க" என்றார். திரைக்கதை வகுப்பில்கூட இவ்வளவு சுருக்கமாகச் சொல்லித்தருவதில்லை.

கோடம்பாக்கத்தின் மேல் அண்ணனுக்கு ஒரு தீராத வருத்தம் உண்டு. 'நாயகன்' (1987) படத்துக்காகத் தோட்டா தரணி தாராவியைச் சென்னை வீனஸ் ஸ்டுடியோவில் கட்டினார். 31 வருஷம் கழித்து 'காலா' (2018) வந்தபோது தாராவியைச் சென்னையில் மறுபடியும் கட்டினார்கள். இதைச் சொல்லும்போது அண்ணனின் குரல் தழுதழுக்கும். "மொத தாராவிய பிரிச்சு எடுத்து வெச்சிருந்தா ரெண்டாவது தாராவிக்குப் பெயின்ட் செலவோட முடிஞ்சிருக்கும்." அத்தனை குடிசையை 31 வருஷம் எங்கே வைப்பது? "ஏன், யாரு வீட்லயும் போர்ச் இல்லையா?"

இப்போது இவருக்குப் போட்டியாக ஒருவர் வந்திருக்கிறார்: கோலாலம்பூரில் படித்துவிட்டு வந்த பசுமைத் தம்பி. மடிக்கணினியைத் திறந்து புள்ளிவிவரம் காட்டுவார். பிரிட்டனில் பாஃப்டா அமைப்பின் 'ஆல்பர்ட்' திட்டம் 2011 முதல் படப்பிடிப்புகளின் கரியமிலக் கணக்கைப் பார்க்கிறதாம், சான்றிதழும் தருகிறதாம். 2020இல் வெளியான 'ஸ்கிரீன் நியூ டீல்' அறிக்கையின்படி ஒரு பெரிய பட்ஜெட் படம் சராசரியாக 2,840 டன் கரியமில வாயுவை வெளியேற்றுகிறதாம். 'தி அமேசிங் ஸ்பைடர்மேன் 2' (2014) குழு ஏறத்தாழ 1,93,000 பிளாஸ்டிக் தண்ணீர்ப் புட்டிகளைத் தவிர்த்ததாம். தம்பி சொல்வது அத்தனையும் சரி. முதல் நாளே எல்லோருக்கும் பெயர் பொறித்த எஃகுக் குவளை வாங்கிக் கொடுத்தார். ஒவ்வொரு குவளையும் ஒரு பிளாஸ்டிக் பைக்குள் இருந்தது. பைகளை அண்ணன் பொறுக்கி எடுத்துக்கொண்டார். மழை வந்தால் பிளக் பாயிண்டை மூட ஆகும்.

அண்ணனும் தப்பு செய்யாதவர் இல்லை. அவருடைய லோரி ஒரு கிழட்டு டீசல் வண்டி. தெப்ராவ் ஆற்றின் மேலுள்ள பெர்மாஸ் ஜெயா பாலத்தில் அது ஏறினால் பின்னால் வரும் மோட்டார் சைக்கிள்காரருக்குச் சாலை தெரியாது. தம்பி காட்டும் அதே அறிக்கையில், மொத்த வெளியேற்றத்தில் ஏறத்தாழப் பாதி போக்குவரத்தால் வருவது என்று இருக்கிறது. கோலாலம்பூரில் படப்பிடிப்பு என்றால் அண்ணன் அந்தக் கதவை ஏற்றிக்கொண்டு 300 கிலோமீட்டருக்கு மேல் போகிறார். அங்கே கதவு கிடைக்காதா? கிடைக்கும். ஆனால் அது காசு கொடுத்து வாங்கும் கதவு. எண்ணெய்க் காசைக் கூட்டிப் பாருங்கள் என்றால், எண்ணெய் தயாரிப்பாளர் செலவு என்பார். பூமியின் கணக்கு அந்த லோரியில் ஏறுவதே இல்லை.

பொலிஸ்திரின் அம்மன் விஷயத்திலும் அவர் மேல் கோபம் வரும். பக்திப் பாடல் காட்சிக்காகச் செதுக்கிய ஆளுயரச் சிலை. கும்பிட்டதைக் குப்பையில் போடக்கூடாது என்று போர்ச்சில் நிறுத்தினார். அடுத்த வெள்ளிக்கிழமையே அக்கம்பக்கத்துப் பெண்கள் இரண்டு பேர் கற்பூரத்தோடு வந்துவிட்டார்கள். தீ பட்டால் அம்மனோடு வீடும் போகும் என்று விளங்கவைக்க அண்ணிக்கு அரைமணி நேரம் ஆயிற்று. சிலை இப்போது மாடியில், துணி போர்த்தியபடி.

ஆனால் ஒரு விஷயத்தில் அவரிடம் விளையாட முடியாது. சாயம் தொட்ட பிரஷ்ஷை எந்தப் பையனும் கால்வாயில் கழுவக்கூடாது. 2019 மார்ச்சில் பக்கத்துப் பாசிர் கூடாங்கின் கிம் கிம் ஆற்றில் யாரோ ரசாயனக் கழிவைக் கொட்டிவிட்டுப் போனார்கள். பிள்ளைகள் மூச்சுத்திணறி ஆஸ்பத்திரிக்குப் போனார்கள். ஆயிரக்கணக்கானோர் சிகிச்சைக்கு வந்தார்கள், 111 பள்ளிகள் மூடப்பட்டன. அதற்குப் பிறகு அண்ணன் பிரஷ் கழுவிய தின்னரை டின்னில் ஊற்றி மூடி வைக்கிறார். தெளிந்த தின்னரை மேலாக வடித்து மறுபடி பயன்படுத்துகிறார். அடியில் தங்கும் கசடைக் கெட்டியாக்கித் தனியே கட்டுகிறார். "நம்ம பெயின்ட் டின் ஒண்ணாலே ஆறு செத்துடுமா அண்ணே?" என்று ஒரு பையன் கேட்டான். அந்தப் பையனை அதற்கப்புறம் அண்ணன் கூப்பிடவில்லை.

தெப்ராவ் நீரிணையின் மறுமுனைக்கு வண்டியில் போனால் இஸ்கண்டார் புத்ரியில் பெரிய படப்பிடிப்புத் தளம் இருக்கிறது. 2014இல் பைன்வூட் என்ற பெயரோடு திறந்தார்கள். இப்போது இஸ்கண்டார் மலேசியா ஸ்டுடியோஸ். நெட்பிளிக்ஸின் 'மார்கோ போலோ' தொடருக்காக அங்கே குப்ளாய் கானின் அரண்மனையே எழும்பியது. அண்ணன் அந்தத் தொடரில் சண்டையைப் பார்க்கவில்லை, காதலைப் பார்க்கவில்லை. தூணைப் பார்த்தார். "அந்த மரமெல்லாம் எங்க போயிருக்கும்?" என்று இன்றுவரை மாமாக் கடையில் யாரையாவது கேட்டுக்கொண்டே இருக்கிறார். மேசையில் யாருக்கும் பதில் தெரியாது. 'மேட்ரிக்ஸ்' தொடர்படங்களின் செட்டுகளில் 97 சதவீதத்துக்கும் மேல் மறுபயனுக்குப் போனது, மரம் மெக்சிகோவில் ஏழைகளுக்கு வீடு கட்டப் போனது என்று பசுமைத் தம்பி சொன்ன அன்று அண்ணன் அவருக்கு ரோட்டி சானாய் வாங்கிக் கொடுத்தார். இருவரும் சிரித்துப் பேசிய ஒரே நாள் அது.

சிரிப்பு அதோடு போதும். இந்தத் தொழிலில் செட் போடுவதற்குக் கூலி உண்டு, பிரிப்பதற்குக் கிடையாது. கடைசிக் காட்சி முடிந்த இரவே இடத்தைக் காலி செய்து கொடுக்க வேண்டும். பிளைவூட்டை மெதுவாகப் பிரிக்க ஆளும் இல்லை, நேரமும் இல்லை. கடப்பாரை போட்டு நொறுக்குகிறார்கள். வீட்டுக் குப்பை லோரி இதையெல்லாம் ஏற்றாது. ஒழுங்கான குழு ரோரோ தொட்டி வாடகைக்கு எடுத்து ஏற்றி அனுப்பும். நல்ல பலகை சீலோங் குப்பைமேட்டுக்குப் போய்ச் சேரும். ஒழுங்கில்லாத குழு விடியுமுன்னே செம்பனைத் தோட்டத்து மண்சாலை ஓரமாகக் கொட்டிவிட்டுப் போய்விடும். ஜொகூரில் திடக்கழிவுச் சட்டம் 2011 முதல் நடப்பில் இருக்கிறது. 2015 செப்டம்பர் முதல் வீட்டில் குப்பையைத் தரம்பிரித்து வைக்கச் சொல்கிறார்கள். பால் டப்பாவைக் கழுவி வைக்காத குடும்பத் தலைவிக்கு உபதேசம் உண்டு. இருபது பலகை பிளைவூட்டை ஒரே இரவில் உடைத்துத் தள்ளும் படக்குழுவை யாரும் ஏன் என்று கேட்பதில்லை.

எங்கிருந்தோ வருகிற குழுக்களும் இதற்குக் குறைச்சல் இல்லை. தாய்லாந்தின் மாயா விரிகுடாவில் 'தி பீச்' படத்துக்காக 1999இல் மணல்மேட்டைச் சமப்படுத்தினார்கள். கடற்கரை போதுமான அளவு கடற்கரையாக இல்லை என்று தென்னை நட்டார்கள். வழக்கு இருபது வருஷத்துக்கு மேல் இழுத்தது. படம் கூட்டி வந்த சுற்றுலாக் கூட்டம் தாங்காமல் 2018இல் விரிகுடாவையே மூடி, 2022இல்தான் திறந்தார்கள். அண்ணன் இதைக் கேட்டுவிட்டு வாசலில் நிற்கும் தன் வாழைமரங்களைக் காட்டினார். "இதக் கொண்டு போயிருந்தா சாயங்காலம் திரும்ப எடுத்துட்டு வந்திருக்கலாம்."

அண்ணனுக்கு வயதாகிறது. முட்டி வலிக்கிறது. குந்தி உட்கார்ந்து ஆணி பிடுங்கும்போது எழுந்திருக்க ஒரு கை வேண்டியிருக்கிறது. போர்ச் நிறைந்து, மாடி நிறைந்து, கட்டிலுக்கு அடியும் நிறைந்துவிட்டது. மகளைப் பெண் பார்க்க வருகிறவர்களை எந்த வழியாக உள்ளே அழைப்பது என்று அண்ணி கேட்கிறார். அது நியாயமான கேள்வி. ஒரு மாநிலத்துத் தமிழ்ப் படக்குழுக்களின் பொதுக் கிடங்காக ஒரு பெண்மணியின் வரவேற்பறை இருக்கவேண்டிய அவசியம் என்ன?

ஆகவே ஜொகூர்த் தயாரிப்பாளர்களுக்கு ஒரு வேண்டுகோள். நான்கைந்து பேர் சேர்ந்தால் பிளெந்தோங் பக்கமோ மாசாய் பக்கமோ ஒரு கிடங்கை வாடகைக்கு எடுக்கலாம். அடுத்த செலவுப் பட்டியலில் 'செட் பிரிக்கும் கூலி, ஒரு நாள்' என்று ஒரு வரி சேருங்கள். தகுதியுள்ள படங்களுக்குச் செலவில் ஒரு பங்கைத் திருப்பித் தரும் தேசியத் திரைப்பட மேம்பாட்டுக் கழகமான பினாஸ், காசைக் கொடுக்கும் முன்பு பலகை எங்கே போனது என்று ஒரு கேள்வி கேட்கட்டும். கிடங்கின் சாவியை அண்ணனிடம் கொடுங்கள். அவருடைய லோரியை மட்டும் தயவுசெய்து விற்கச் சொல்லுங்கள். அதன் உதிரிபாகங்களை அவர் எடுத்து வைத்துக்கொள்வார், தடுக்காதீர்கள்.