மூக்கு மாமா

ஸ்ரீரங்கத்தில் எந்த வீட்டில் கேஸ் கசிந்தாலும் மெக்கானிக்குக்கு முன்னால் வந்து நிற்பவர் மூக்கு மாமா. உத்திர வீதிக்கு ஒருவர், சித்திரை வீதிக்கு ஒருவர். ஆள் வேறு, மூக்கு ஒன்றுதான்.

திருவெறும்பூர் பெல்லில் இருந்து ரிட்டயர் ஆனவர். "பாய்லர் பண்ற கம்பெனி ஓய், இந்தச் சிலிண்டர் எம்மாத்திரம்!" என்பார். அங்கே கணக்குப் பிரிவில் இருந்தார் என்பதை அவராகச் சொல்ல மாட்டார்.

சமையல் கேஸுக்குச் சொந்த வாசனை கிடையாது. கசிந்தால் தெரியட்டும் என்று எத்தில் மெர்காப்டன் என்ற கந்தகச் சரக்கைச் சேர்த்து அனுப்புகிறார்கள். பூண்டும் அழுகின முட்டைக்கோஸும் கலந்த நாற்றம். பூண்டே நுழையாத தளிகையறைகள் உள்ள தெருவில் இது எவ்வளவு சிக்கல், பாருங்கள். மாடிக்குக் குடிவந்தவர் பூண்டு ரசம் வைத்தால் மாமா "கேஸ், கேஸ்" என்று ஓடி வருவார். நிஜமாகவே கேஸ் கசிந்தால், "மாடியில என்ன சமையல்?" என்று விசாரிப்பார். இரண்டில் எது பெரிய ஆபத்து என்று அவர் இன்னும் தீர்மானிக்கவில்லை.

"சுவிட்சைத் தொடாதேங்கோ! லைட்டு, ஃபேனு எதையும் போட வேண்டாம், எரியறதை அணைக்கவும் வேண்டாம். ஒரு பொறி போறும்!" அத்தனையும் சரி. இதைச் சொல்வதற்காக வாசலில் நின்று மூன்று தடவை காலிங் பெல்லை அமுக்கியிருப்பார், அவ்வளவுதான்.

உள்ளே வந்ததும் ஸ்டூல் கேட்பார். ஏறி நின்று பரணை முகர்வார். ஆவி மேலேதானே போகும்? அது பாய்லர் சாஸ்திரம். சமையல் கேஸ் காற்றைவிடக் கனம். தரையோடு பரவிப் பள்ளத்தில் தேங்கும். மாமா உத்தரத்தில் தேடுவது ஸ்டூலின் காலடியில் கிடக்கும். பழைய வீடென்றால் திண்ணையிலிருந்து கிணற்றடிவரை ஒரே நேர். வாசலையும் கொல்லையையும் திறந்தால் காவிரிக் காற்று பெருக்கித் தள்ளிவிடும். அடுக்குமாடி ஃபிளாட்டில், மார்பு உயர ஜன்னலை மட்டும் திறந்துவிட்டு நிம்மதியாக இருக்க முடியாது.

"எங்க கசியறதுன்னு ஒரு குச்சி கிழிச்சுக் காட்டினா தெரிஞ்சுடும்" என்று தீப்பெட்டிக்குக் கை நீளும்போதுதான் வீட்டு மாமி குறுக்கே வருவாள். பேச்சே கிடையாது. பெருமாள் விளக்கை ஏற்கெனவே மலையேற்றியிருப்பாள். ரெகுலேட்டரைத் திருப்பிக் கழற்றி, நைலான் கயிற்றில் தொங்கும் மூடியைச் சிலிண்டர் வாயில் 'டக்'கென்று அமுக்கி, கதவுகளை விரியத் திறந்துவிட்டு, "1906-க்குப் பேசுங்கோ. செல்லை எடுத்துண்டு தெருவுக்குப் போய்ப் பேசுங்கோ" என்பாள். மாமா தெருவில் நின்று, போனை எடுத்த பெண்ணிடம் பாய்லரிலிருந்து ஆரம்பிப்பார்.

மெக்கானிக் வந்து பார்த்தால், வால்வுக்குள் இருக்கும் கறுப்பு வாஷர் தேய்ந்திருக்கும். புதுசு போட்டு, சோப்புத் தண்ணீர் தடவி, நுரை கொப்பளிக்கவில்லை என்று காட்டுவார். அப்படியே ஆரஞ்சு டியூபில் அச்சடித்த தேதியைப் பார்ப்பார்.

"அஞ்சு வருஷத்துக்கு ஒருக்கா மாத்திடணும்மா. சார், உங்க வீட்ல எப்ப மாத்தினது?"

மாமா கண்ணை மூடிக் கணக்குப் பார்ப்பார். அவர் பிரிவாயிற்றே.

"1987-ல ராஜகோபுரம் கும்பாபிஷேகம் ஆச்சே, அப்போ போட்டது. அசல் சரக்குப்பா! இன்னிக்கும் தொட்டுப் பாரு, கல்லாட்டம் இருக்கும்."

மெக்கானிக் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு, "வீடு எது சார்?" என்பார்.