தினத்தந்தி மேசையிலிருந்து ஒரு தோணி

கேள்வி: தினமும் செய்தி எழுதிக் களைத்த கை நாவலும் எழுதுமா?
– வாசகர், கிள்ளான்

பதில்: எழுதும். ப. சிங்காரம் எழுதினாரே! சிங்கம்புணரியில் 1920இல் பிறந்தவர்; 1947 முதல் சுமார் 40 ஆண்டுகள் மதுரை தினத்தந்தியில் வேலை. எழுதிய நாவல்கள் இரண்டே இரண்டு.

கிள்ளானிலிருந்து மலாக்கா நீரிணையைத் தாண்டினால் சுமத்ரா. அங்கே மேடான் நகரில் கடை வேலைக்குப் போன இளைஞர் அவர். ஜப்பானியர் வந்ததையும் தமிழர்கள் இந்திய தேசிய ராணுவத்தில் சேர்ந்ததையும் கண்ணால் கண்ட தலைமுறை. அவருடைய இரண்டு நாவல்களில் ஒன்றான 'புயலிலே ஒரு தோணி' மேடானுக்குள் ஜப்பானியப் படை நுழைவதில் தொடங்குகிறது. வட்டிக்கடையில் அமரும் செட்டித்தெருப் பையன்கள், பினாங்குக்குத் தோணி ஏறுபவர்கள், மதுரை வீதி நினைவுகள் என்று ஒரே மூச்சில் கலக்கிறார். செய்தியாளரின் கூர்மை ஒவ்வொரு தெருவிலும் தெரிகிறது.

ஊரார் செய்தியை மறுநாள் காலையே அச்சேற்றியவர், இந்த நாவல் அச்சேறப் பல ஆண்டு காத்திருந்தார்; அது 1972இல்தான் வெளிவந்தது. கொண்டாட்டம் அவர் 1997இல் மறைந்த பிறகே பெருகியது. தமிழ் வாசகர்கள் அவருக்குப் பட்ட கடன் அது.

அடுத்த முறை பிரிக்ஃபீல்ட்ஸ் போனால் புத்தகக் கடையில் கேளுங்கள். உங்கள் கரையோரக் கதைதான்.