நேரே ஹைகோர்ட்: ஒரு வீரருக்குப் பாராட்டு

மவுண்ட் ரோஸ்கில்லில் தமிழ்க் குடும்பங்களுக்கும் குறைவில்லை, டொமினியன் ரோட்டுக் கடைகளில் சாம்பார்ப் பொடிக்கும் குறைவில்லை. வீரத்துக்கு மட்டும் ஒரே ஒரு முகவரிதான், எங்கள் அண்ணாச்சி. அவர் நெல்லைப் பக்கம் விட்டுவிட்டு வந்த சொத்து, ஒரு கூட்டுறவு வீடு கட்டும் சங்கத்தில் ஒரு மனை. தவணை பாக்கி இருப்பதாகச் சொல்லிச் சங்கம் பத்திரம் பதிந்து தர மறுத்தது. முழுப் பணமும் கட்டியாயிற்று, ரசீது இருக்கிறது என்றார் இவர். 1983-ஆம் ஆண்டின் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டம், பிரிவு 90-இன் கீழ் தாவா நடந்தது. அதை விசாரித்த கூட்டுறவுத் துறைத் துணைப்பதிவாளர் சங்கத்தின் பக்கம் சாய்ந்தார்.

சாதாரணப் பிறவி என்றால் அதே சட்டத்தின் பிரிவு 152-ஐப் பிடித்துக்கொண்டு கூட்டுறவுத் தீர்ப்பாயத்துக்கு மேல்முறையீடு போயிருக்கும். துறை அலுவலகத்திலேயே இன்னொரு மேஜைதான் அந்தத் தீர்ப்பாயம் என்று நினைக்க வேண்டாம். மாவட்ட நீதிபதியே அந்த இருக்கையில் அமர்கிறார். ரசீதையும் பேரேட்டையும் பக்கத்துப் பக்கத்தில் வைத்துப் பார்ப்பார். கூட்டல் தப்பாக இருந்தால் திருத்துவார். அங்கேயும் நியாயம் கிடைக்காவிட்டால் அரசியலமைப்பின் 227-ஆம் உறுப்பின் கீழ் உயர் நீதிமன்றத்துக்கே போகலாம். இப்படி ஒழுங்கான வழி இருப்பதுதான் அண்ணாச்சிக்குப் பிடிக்கவில்லை. "மேல்முறையீடா? அது தோத்தவன் போற இடம்லா. நமக்கு நேரே ஹைகோர்ட்டுதான்" என்றார். அந்தக் கம்பீரத்தைக் கேட்டு அவருடைய வக்கீலுக்குக் கண் கலங்கிற்று.

அரசியலமைப்பின் 226-ஆம் உறுப்பின் கீழ் ரிட் மனு தயாரானது. அண்ணாச்சியின் பெருந்தன்மை அதில்தான் தெரிந்தது. ஆக்லாந்தில் நோட்டரிக்கு ஒரு கட்டணம், வெலிங்டனில் அப்போஸ்டில் முத்திரைக்கு ஒரு கட்டணம், உயர் நீதிமன்றக் கிளை இருக்கும் மதுரைக்குக் கூரியர், அங்கே வக்கீல் ஃபீஸ். இரண்டு நாட்டுப் பொருளாதாரத்தையும் ஒரே மனையைக் கொண்டு தாங்கிய மனிதர் நம் பேட்டையில் வேறு யார்?

முன்னோர் அனுபவத்துக்கு அடிமையாகாததும் அவர் சிறப்பு. நாமக்கல் தொகுதியில் வேட்புமனு நிராகரிக்கப்பட்ட பொன்னுசாமி இப்படித்தான் ரிட் போட்டார். தேர்தல் முடியட்டும், சட்டம் சொல்லும் தேர்தல் மனுவைப் போடுங்கள் என்றது 1952-இல் உச்ச நீதிமன்றம். அதே ஆண்டு கும்பகோணம் பக்கத்து பஸ் பெர்மிட் சண்டை, வீரப்ப பிள்ளைக்கும் ராமன் அண்ட் ராமன் கம்பெனிக்கும். மோட்டார் வாகனச் சட்டத்திலேயே மேல்முறையீட்டுக்கு முழு ஏற்பாடு இருக்கும்போது உயர் நீதிமன்றம் குறுக்கே புகலாகாது என்று முடிந்தது. 2006-இல் மாரப்பன் வழக்கு. எதிரே நின்றவர் நாமக்கல் துணைப்பதிவாளர். சென்னை உயர் நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் சேர்ந்து உட்கார்ந்து, 'அரசு' என்ற வரையறைக்குள் வராத கூட்டுறவுச் சங்கத்தின் மீது சாதாரணமாக ரிட் செல்லாது, துணைவிதிகளுக்குச் சட்டத்தின் வலிமையும் கிடையாது என்றார்கள். சட்டம் சுமத்திய பொதுக் கடமையை மீறினால் கதை வேறு என்றும் சேர்த்தார்கள். ஐந்து நீதிபதிகள் சொன்னார்கள் என்பதற்காக ஒரு ஆண்மகன் மனதை மாற்றிக்கொள்வதா?

படிக்காதவர் என்று அவரைச் சொல்லிவிட முடியாது. 1998-இன் விர்ல்பூல் வழக்கை அவர் கரைத்துக் குடித்தவர். அடிப்படை உரிமை, இயற்கை நீதி மீறல், அதிகாரமே இல்லாத நடவடிக்கை, சட்டமே செல்லாது என்ற வாதம் ஆகிய நான்கில் ஒன்று இருந்தால் மாற்று நிவாரணம் இருந்தாலும் ரிட் கேட்கப்படலாம் என்பது அதன் சாரம். அண்ணாச்சியின் வழக்கில் நான்கில் ஒன்றுகூட இல்லை. துணைப்பதிவாளர் நோட்டீஸ் கொடுத்தார், இரு தரப்பையும் கேட்டார், அதிகாரத்தோடுதான் தீர்ப்பளித்தார். பாக்கி உண்டா இல்லையா என்ற ஒரே கேள்விதான் மிச்சம். பிரமாணப் பத்திரத்தை மட்டும் பார்த்து அப்படிப்பட்ட கேள்வியை ரிட்டில் தீர்ப்பது வழக்கமில்லை. ஆனாலும் நான்கையும் மனுவில் எழுதச் சொன்னார். எதையும் வீணாக்காத சிக்கனம்!

மதுரையில் காலை 10.30 என்றால் இங்கே குளிர்காலத்தில் மாலை 5 மணி. அண்ணாச்சி இஸ்திரி போட்ட சட்டையோடு காணொலிக்கு முன் அமர்ந்தார். மனு அனுமதிக் கட்டத்திலேயே முடிந்தது. மாற்று நிவாரணம் இருக்கிறது, தீர்ப்பாயத்தை அணுகலாம் என்று உத்தரவு. "கோர்ட்டே எனக்கு வழி காட்டிட்டுல்லா" என்று எல்லோருக்கும் லட்டு கொடுத்தார். அந்த வழி பிரிவு 152-இல் முதல் நாளிலிருந்தே இருந்ததைச் சொல்லி லட்டைக் கசப்பாக்க யாருக்கும் மனமில்லை.

இதற்குள் மேல்முறையீட்டுக் கெடு கடந்துவிட்டது. இப்போது தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனு தயாராகிறது. உண்மையாகவே வழிதவறிப் போனவர்களிடம் நீதிமன்றங்கள் பெரும்பாலும் இரக்கம் காட்டும். வீரத்தால் ஏற்பட்ட தாமதத்துக்கு என்ன காரணம் எழுதுவது என்று வக்கீல்தான் யோசிக்கிறார். அதுவரை மனை சங்கத்தின் பெயரிலேயே பத்திரமாக இருக்கிறது. சங்கத்துச் செயலாளரைவிட அண்ணாச்சியை மனதார வாழ்த்துகிறவர் உலகில் இருக்க மாட்டார்.

அவருடைய ஞானம் நியூசிலாந்துக்கும் பயன்படுகிறது. இங்கே 2022-ஆம் ஆண்டின் பதிவுபெற்ற சங்கங்கள் சட்டம், ஒவ்வொரு சங்கத்தின் விதிகளிலும் தகராறு தீர்க்கும் முறை இருக்க வேண்டும் என்கிறது. பழைய சங்கங்கள் மறுபதிவு செய்ய 2026 ஏப்ரல் 5 வரை கெடுவும் வைத்தது. எங்கள் சிறு சங்கம் விதிகளைத் திருத்த உட்கார்ந்தபோது, புகார், பதில், பாரபட்சமற்ற விசாரணை என்ற வரிகளை எதிர்த்துக் கை தூக்கியவர் அண்ணாச்சி ஒருவரே. "பொங்கல் கணக்குல பத்து டாலர் உதைச்சாலும் ஆக்லாந்து ஹைகோர்ட்டுக்குப் போற உரிமை வேணும்" என்றார்.

இப்பேர்ப்பட்டவருக்குப் பொன்னாடை போர்த்தி, நூறாண்டு வாழ்க என்று வாழ்த்துகிறோம். மற்றவர்களுக்கு அது சம்பிரதாயம். அண்ணாச்சியின் வழக்குக்கு அவ்வளவு காலம் உண்மையிலேயே தேவைப்படும்.