ஒரு பாகை தப்பினால் ஐம்பது அடி

ஜியாமெட்ரி பாக்ஸ் என்ற அந்தத் தகர டப்பாவுக்குள் என்ன இருந்தது என்று என் வயதுக்காரர்களைக் கேட்டால், பாகைமானி, கவராயம், இரண்டு மூலைமட்டம் என்று நல்ல பிள்ளைகளாகச் சொல்லிவிட்டு, கொஞ்சம் யோசித்து, புளியங்கொட்டை, ஐந்து பைசா, பாதி தின்ற கடலைமிட்டாய், உண்டிவில்லுக்கு எடுத்துவைத்த தோல்துண்டு என்று உண்மைக்கு வருவார்கள். அந்தத் தோல்துண்டு எல்லா ஊர்ப் பையன்களுக்கும் வாய்க்காது. ஆம்பூர், வாணியம்பாடி, பேரணாம்பட்டு, மேல்விஷாரம், ராணிப்பேட்டை என்று பாலாற்றுப் பக்கம் வளர்ந்தவர்களுக்கு அது மண்ணைப்போல் இலவசம். டேனரி மதில் ஓரம் போனால் ஒரு கை அள்ளிவரலாம், வாசனையையும் சேர்த்து.

இந்தச் செல்வத்தோடுதான் முக்கோணவியல் என்ற பாடத்துக்குள் நாங்கள் நுழைந்தோம். சைன், காஸ், டேன் மூன்றும் கரும்பலகையில் ஏறிய நாள்முதல், தென்னைமரத்தில் ஏறத் தெரிந்தவனுக்கு அதன் உயரம் எதற்கு என்ற கேள்வி வகுப்பில் சுற்றிக்கொண்டே இருந்தது. வாய்விட்டுக் கேட்க மட்டும் ஆளில்லை. கிளார்க்ஸ் டேபிள்ஸ் என்ற மெல்லிய புத்தகம் ஒன்று உண்டு. அண்ணனிடமிருந்து தம்பிக்கும், தம்பியிடமிருந்து பக்கத்து வீட்டுக்கும் போய், அட்டை கிழிந்து, பக்கங்கள் அப்பளம்போல் மொரமொரத்துக் கிடக்கும். அதில் 38 பாகை 20 கலைக்கு உரிய எண்ணை விரல்நுனியால் தேடி, வரிசை தப்பாமல் பிடித்துவிட்ட அந்தச் சின்ன வெற்றியை, பொத்தானைத் தட்டியதும் பத்துத் தசம இடம் கொட்டும் கால்குலேட்டர் ஒருநாளும் தந்ததில்லை.

எங்கள் கணக்கு சார், வாய்விட்டுக் கேட்காத கேள்விக்கும் பதில் சொல்கிற ஜாதி. ஒருநாள் பதப்படுத்திய ஆட்டுத்தோல் ஒன்றைச் சுருட்டி எடுத்துவந்து தரையில் விரித்தார். தோலை விற்பது சதுர அடிக் கணக்கில். ஆனால் ஆட்டுக்கு நேர்கோடு தெரியாது. கழுத்துப் பக்கம் குறுகும், வயிற்றுப் பக்கம் வழியும், கால்கள் நான்கு திசைக்கும் நீளும். அதன்மேல் சாக்கட்டியால் கோடிழுத்து முக்கோணங்களாகப் பிரித்தார். இரண்டு பக்கமும் இடைப்பட்ட கோணமும் தெரிந்தால் போதும்: பக்கங்களைப் பெருக்கி, கோணத்தின் சைனால் பெருக்கி, பாதியாக்கு. இரண்டடி, ஒன்றரை அடி, நடுவில் 50 பாகை என்றால் ஏறக்குறைய 1.15 சதுர அடி. இப்படி ஒவ்வொன்றாகக் கூட்டி, ஓரத்து வளைவுகளுக்குக் கொஞ்சம் ஏற்றி இறக்கி நாங்கள் விழிபிதுங்கிக்கொண்டிருந்தபோது, கடைசி பெஞ்சிலிருந்து ஒரு குரல் வந்தது.

“நாலேகால் சார்.”

அவனுடைய அத்தா டேனரியில் தரம் பிரிப்பவர். தோலைத் திருப்பிப் பார்த்தால், பின்பக்கம் மெஷினில் அளந்து எழுதிய அளவும் நாலேகால்தான். சார் கோபிக்கவில்லை. “நீ சொன்னா உங்க அத்தா நம்புவாருடா. மெட்ராஸ்ல பெரியமேட்டுத் தோல் வியாபாரி நம்பணுமே, அதுக்குத்தான் சைன்” என்றார். முக்கோணவியலின் பயனைப் பற்றி அதைவிடச் சுருக்கமான விளக்கம் எனக்கு இன்றுவரை கிடைக்கவில்லை.

அந்த மெஷினையும் பார்த்திருக்கிறோம். வரிசையாகப் பற்சக்கரங்கள், தோல் கீழே நுழையும்போது அது தொடுகிற ஊசிகள் மட்டும் எழும்ப, மேலே கடிகாரம்போன்ற முகத்தில் முள் நகரும். முள் நாலேகாலில் நின்றதா, நாலரையைத் தொட்டதா என்று வாங்குபவரும் விற்பவரும் தலையைச் சாய்த்துப் பார்ப்பதும், அந்தக் கால் அடிக்காக இரண்டு டீ ஆறிப்போவதும் வியாபாரத்தின் பாதி சுகம். இப்போது ஒளிக்கதிரால் வருடும் மெஷின் தசமப் புள்ளியோடு அளவை அச்சடித்துவிடுகிறது. ஷூ மேல்பாகத்துக்கான துண்டுகளைத் தோலின்மேல் எப்படி அடுக்கினால் கழிவு குறையும் என்பதைக் கணினியே பார்த்துக்கொள்கிறது. கழிவு குறைந்தது நல்லதுதான். உண்டிவில் வைத்திருந்த கடைசித் தலைமுறையைத் தவிர யாருக்கும் அதில் வருத்தமில்லை.

ஆனால் சாரின் பெரிய துணிச்சல் பாலாறுதான். ஆற்றைக் கடக்காமல் அதன் அகலத்தைக் காண்க என்று பாடப்புத்தகம் கேட்கும். எங்கள் ஆற்றில் கடக்க என்ன தடை? வருஷத்தில் பெரும்பாலான நாள் மணல். ஆகவே முதலில் கோணத்தால் கண்டுபிடிப்பது, பிறகு செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு நடந்துபோய் நாடாவால் சரிபார்ப்பது என்று ஏற்பாடு. எதிர்க்கரையில் ஒரு பனைமரம். அதற்கு நேராக இக்கரையில் ஒரு குச்சி. அங்கிருந்து கரையோரமாக 200 அடி தள்ளி இன்னொரு குச்சி. அங்கே பலகையில் ஒட்டிய பாகைமானியால் பனையைக் குறிபார்த்தால் 75 பாகை. டேன் 75 என்பது 3.732, அகலம் 746 அடி. பக்கத்துக் குழுவுக்கு 76 பாகை. அவர்கள் ஆறு 802 அடி! ஒரே ஆறு, ஒரே பனை, ஒரு பாகையில் 56 அடி. ஆளுக்கொரு அகலத்தோடு எல்லோரும் மணலில் இறங்கி நடந்தோம். வெள்ளரிக்காய் விற்றுக்கொண்டிருந்த பாட்டி ஒருத்தி, “நடக்கறதுக்கு எதுக்குடா கண்ணுங்களா பலகை?” என்று கேட்டது எங்கள் பாடத்துக்கு வெளியார் ஒருவர் எழுதிய முதல் விமர்சனம்.

அடிக்கோடு குட்டையாக இருந்தால் கோணத்தின் சிறு பிசகும் பூதமாகும் என்பதை அன்று மணலில் புரிந்துகொண்டதால்தான், பிற்பாடு லாம்டன் கதையைப் படித்தபோது அந்த மனிதரின் பிடிவாதம் பைத்தியக்காரத்தனமாகத் தோன்றவில்லை. 1802 ஏப்ரல் 10 அன்று சென்னை பரங்கிமலைப் பக்கம் தொடங்கி, நூறடி எஃகுச் சங்கிலியை வைத்து ஏழரை மைல் அடிக்கோட்டை அளக்க 57 நாள் செலவிட்டார் வில்லியம் லாம்டன். அதன்மேல் முக்கோணத்துக்கு மேல் முக்கோணமாக அடுக்கி, அரை டன் எடையுள்ள தியோடலைட்டை மலைமலையாக ஏற்றி, பெங்களூர்ப் பக்கமாக மங்களூர் வரைக்கும், தெற்கே கன்னியாகுமரி வரைக்கும் போனார்கள். அந்த முக்கோணங்களே வடக்கே இமயம் வரை நீண்டு, 1852-இல் ராதாநாத் சிக்தாரின் கணக்கில் உலகின் உயர்ந்த சிகரமாக வந்து நின்றன. சிகரத்துக்குப் பெயர் மட்டும் எவரெஸ்ட் துரைக்குப் போனது. கணக்குப் போட்டவனுக்குப் பெயர் கிடைப்பதில்லை என்று எங்கள் வகுப்பிலும் ஒரு புகார் இருந்தது.

சாலை அளக்க வருகிற சர்வேயர்கள் தியோடலைட்டில் பையன்களை ஒரு கண் பார்க்கவிடுவார்கள். பழைய கருவியில் உலகம் தலைகீழாகத் தெரியும்: பள்ளிவாசல் மினார்கள் வானத்திலிருந்து தொங்கும், டேனரிப் புகைபோக்கி கீழ்நோக்கிப் புகைக்கும், மாடுகள் கால் மேலாக மேயும். இப்போது வருகிற கருவியில் திரையும் எண்ணும்தான். உலகம் நேராகவே இருக்கிறது, பையன்களும் கிட்டே வருவதில்லை. வடஆற்காட்டில் இருந்த ஆம்பூர் வேலூர் மாவட்டமாகி, 2019-இல் திருப்பத்தூர் மாவட்டத்துக்குப் போனதையும் இங்கே சொல்லவேண்டும். எந்தக் கருவியாலும் அளக்கமுடியாதபடி, ஓரங்குலமும் நகராமல் நகர்ந்த ஊர் அது.

செல்பேசியைக் குறை சொல்ல மாட்டேன். அதற்குள்ளும் இருப்பது நம் பழைய வடிவியல்தான். நாங்கள் கோணத்திலிருந்து தூரத்துக்குப் போனோம், அது நான்கு செயற்கைக்கோள்களுக்காவது உள்ள தூரத்திலிருந்து நாம் நிற்கும் இடத்துக்கு வருகிறது. வேடிக்கை ஆற்றில்தான் நடந்தது. தோல் கழிவு பாலாற்றைக் கெடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம் 1996 ஆகஸ்ட் 28-இல் தீர்ப்புச் சொன்னது. கெடுத்தவரே ஈடு செய்யவேண்டும் என்ற கொள்கை இந்தியச் சட்டத்தின் ஒரு பகுதி என்று உறுதியானதில் எங்கள் ஆற்றுக்கும் பங்குண்டு. அந்தப் பெருமையோடு கூடவே மணல் லாரி ஏறிப் போனது, பள்ளங்களில் சீமைக்கருவேலம் வந்தது. நேர்கோட்டில் நடந்து கடக்க இப்போது வழியில்லை. பிறகு 2021 நவம்பரில், 1903 வெள்ளத்தைப் பாட்டன்மார் சொல்லிக் கேட்டவர்களும் வாய்பிளக்கும்படி, பாலாறு கரைமுட்டி ஓடியது. பாடப்புத்தகம் சொன்ன ஆறு ஒருவழியாக வந்துசேர்ந்தது, கடக்கமுடியாத ஆறாகவே. கரையெல்லாம் கூட்டம், அகலத்தை யாரும் அளக்கவில்லை, எல்லோரும் செல்ஃபி எடுத்துக்கொண்டிருந்தார்கள்.

இந்தப் பக்கத்தில் பத்தாம் வகுப்புக்குக் கணக்கு எடுக்கும் ஆசிரியர்களுக்கு ஒரு விண்ணப்பம். அடுத்த முறை ஆற்றில் தண்ணீர் வந்தால், வடிவதற்குள் பிள்ளைகளைப் பத்திரமான மேட்டுக்குக் கூட்டிப்போங்கள். பலகையும் பாகைமானியும் போதும். அடிக்கோடு 200 அடி போதாது. 700 அடியாவது வையுங்கள், பிசகு பாதியாகக் குறையும்.