கிரிவலப் பாதையின் பொடிக்கல்: ஓர் ஆராய்ச்சி

கிருத யுகத்தில் அக்கினியாகவும், திரேதா யுகத்தில் மாணிக்கமாகவும், துவாபர யுகத்தில் பொன்னாகவும் நின்ற திருவண்ணாமலை, கலியுகத்தில் கல்லாக நிற்கிறதென்பது புராணம் கண்ட முடிவு. அம்முடிவைத் தலைவணங்கி ஏற்றுக்கொண்ட பிறகும், ரசாயன சாஸ்திரத்தில் சிறிது பழக்கமுள்ளவன் மனத்தில் ஒரு சந்தேகம் எழாமல் இராது. தண்ணீரைக் காட்டிலும் பத்தொன்பது மடங்கு கனமுள்ள பொன், மூன்று மடங்குகூட எட்டாத பாறையாக மாறியபோது, மலையின் பருமன் குறையவில்லையென்று வைத்துக்கொண்டால், ஏழில் ஆறு பங்கு எடை எங்கே போயிற்று? எடை மட்டுமா? மாணிக்கத்தின் கடினமும், அதற்கு முந்திய நெருப்பின் சூடும் எங்கே போய் ஒளிந்தன?

பூகர்ப்ப சாஸ்திரிகளைக் கேட்டால் அவர்கள் வேறொரு புராணம் சொல்லுகிறார்கள். வட தமிழ்நாட்டுக் குன்றுகளில் மிகுதியாகக் காணப்படும் ஒருவகைப் பாறைக்குச் சார்னோக்கைட் என்று பெயர். கல்கத்தா நகரை நிறுவியவராகச் சொல்லப்படும் ஜாப் சார்னாக் என்பவருடைய கல்லறைக் கல்லைக் கண்டு, தாமஸ் ஹாலண்டு என்ற துரை 1893-இல் இட்ட பெயர் அது. பல்லாவரத்துப் பக்கத்துக் கல்லொன்று வங்காளத்துக்குப் போய், அங்கே இறந்தவருடைய நாமத்தைச் சூட்டிக்கொண்டு ஊர் திரும்பிய இவ்விந்தைக்கு ஈடானதை நம் புராணங்களிலும் தேடித்தான் பார்க்க வேண்டும். நிற்க. இத்தகைய பாறைகளுக்குச் சுமார் 250 கோடி வயது சொல்லுகிறார்கள். பஞ்சாங்கக் கணக்கில் ஒரு சதுர்யுகம் 43,20,000 வருஷம். வகுத்தால் 578 சதுர்யுகங்களும் சில்லறையும் வருகின்றன. அத்தனை முறை எரிந்தும், சிவந்தும், பொன்னாகியும், அவர்களுடைய பாறையில் அதற்கு ஓர் அடையாளமும் காணவில்லையாதலால், அந்த மகிமைகளெல்லாம் மலையை விட்டிறங்கி வேறொரு வஸ்துவில் குடியேறியிருக்க வேண்டுமென்பது அநுமானப் பிரமாணத்தால் பெறப்படும்.

அந்த வஸ்து, 14 கிலோமீட்டர் நீளமுள்ள கிரிவலப் பாதையில் வெறுங்காலோடு நடப்பவர்களின் உள்ளங்காலில் குத்துகின்ற பொடிக்கல்லே என்று இவ்வாராய்ச்சி துணிகிறது.

இதன் லட்சணங்களைப் பார்ப்போம். கடுகிற் பெரியது, பட்டாணியிற் சிறியது. பகலில் எத்தனை தேடினாலும் கண்ணில் படாது. பௌர்ணமி இரவில், கூட்டத்தின் நடுவில், தேடாமலே அகப்படும். மாணிக்கத்தின் கடினம் ஒன்பது என்றால், இதிலுள்ள படிகத்துகளின் கடினம் ஏழு. நம்முடைய குதிகாலின் கடினத்தை அந்த அளவுகோலில் யாரும் குறித்ததாகத் தெரியவில்லை. சித்திரை மாதத்து நண்பகலில் இதை மிதித்தவர்களுக்குக் கிருத யுகத்து அக்கினியைப் பற்றிப் பௌராணிகர் விளக்க வேண்டியதில்லை. இனி, காணாமற்போன பொன்னின் கனம். அறுபது கிலோ எடையுள்ள ஓர் ஆசாமி ஒற்றைக் காலை ஊன்றும் கணத்தில், பாதம் முழுவதும் பரவ வேண்டிய பாரத்தில் பெரும்பகுதி ஓர் அரிசி மணியளவு இடத்தில் வந்து குவிகிறது. அப்போது அவர் எழுப்பும் ‘அண்ணாமலையாருக்கு அரோகரா’ என்ற கோஷத்தில், ஏழில் ஆறு பங்கு எடையும் எங்கிருக்கிறதென்பது ஐயந்திரிபற வெளிப்படும்.

இந்தச் சக்தி மண்பாதைக் காலத்தில் இத்தனை இருந்திராது. மண் இளகிக் கொடுக்கும். கல்லைத் தன்னுள் அமிழ்த்திக்கொண்டு, காலுக்கு நுனியை மட்டும் மிச்சம் வைக்கும். தார்ச்சாலையும், பக்தர்களின் சௌகரியத்துக்காகவே பதித்த நடைபாதைக் கற்களும் இளகுவதில்லை. ஆகவே கல் முழு உயரத்தோடு நிமிர்ந்து நிற்கிறது. சௌகரியம் செய்யச் செய்ய இதன் வீரியம் வளர்வது ஆராய்ச்சியாளனுக்கு மகிழ்ச்சி தருவதே. மலையையொட்டிய வலப்புறத்தில் சித்தர்கள் அரூபமாய் வலம் வருவதால் மானிடர் இடப்புறமாகவே நடக்க வேண்டுமென்று பெரியோர் விதித்திருப்பதும் கவனிக்கத்தக்கது. அரூபிகளுக்குக் கல் குத்தாது. குத்தக்கூடிய கால்களையெல்லாம் ஒரே ஓரத்தில் சேர்த்துக் கொடுத்ததனால் கல்லுக்கு அலைச்சல் மிச்சம். 1896-இல் இவ்வூர் வந்த ரமண மகரிஷி மிக மெதுவாகவே வலம் வருவார் என்பார்கள். அதற்கு ஆன்மிகக் காரணங்கள் ஆயிரம் இருக்கலாம். ஓடுகிறவனுக்குக் குத்துவதில் பாதியும் மெல்ல நடப்பவனுக்குக் குத்தாதென்பதை பாதையிலுள்ள இந்திர லிங்கத்திலிருந்து அக்கினி லிங்கம் வரை விரைந்து பார்த்தவர்கள் அறிவார்கள்.

மகிமை குடியேறிய வஸ்து என்ற வகையில் பொடிக்கல்லுக்குப் போட்டியாகச் சொல்லத்தக்கது, வழிக்கடைகளில் விற்கும் ரசமணி ஒன்றே. சித்தர்கள் மூலிகைச் சாற்றால் பாதரசத்தைக் கட்டி மணியாக்கினார்கள் என்று சொல்லி விற்கிறார்கள். பாதரசம் தானே உறைய வேண்டுமானால் பூஜ்யத்துக்குக் கீழே 39 டிகிரி குளிர் வேண்டும். திருவண்ணாமலை வெயிலில் கழுத்தில் கெட்டியாய்த் தொங்கும் மணியில் வெள்ளீயமோ வேறோர் உலோகமோ கலந்திருக்கும் என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. பாதரசம் உடம்புக்கு நஞ்சு என்பதும் நினைவிருக்கட்டும். ரசமணி வேலை செய்கிறதா என்று அணிந்தவர் பல மாதம் காத்திருந்து பார்க்க வேண்டும். பொடிக்கல்லின் பலனோ பிரத்தியட்சம், அக்கணமே தெரியும்.

இவ்வாராய்ச்சி அச்சேறிய பின்பு, யாரேனும் இப்பொருளைச் சிவப்புப் பட்டில் முடிந்து, கண்ணாடிப் பெட்டியில் வைத்து விலை கூறினால் வாங்க வேண்டாமென்று வாசகர்களைக் கேட்டுக்கொள்கிறேன். பாதை நெடுக அது இனாமாகவே கிடைக்கிறது.