ரோஸ் கலர் பனியன்

1984-இல் ராக் பாடகர் பில்லி ஸ்கொயருக்கு நல்ல நேரம்தான். ‘தி ஸ்ட்ரோக்’ பாட்டால் அமெரிக்கப் பையன்களிடம் பெயர் வாங்கியிருந்தார். முந்தைய ஆல்பத்துக்கு அட்டைப்படம் ஓவியர் ஆண்டி வார்ஹால். அதில் பின்பாட்டு குயின் குழுவின் ஃப்ரெடி மெர்குரி. அப்புறம்தான் ‘ராக் மீ டுநைட்’ பாட்டுக்கு வீடியோ எடுத்தார்கள். இயக்கியவர் கென்னி ஒர்டேகா, நடனக்காரர்.

கதை என்று ஒன்றும் கிடையாது. பளபளக்கும் சாட்டின் விரிப்புகளுக்கு நடுவே ஸ்கொயர் கண் விழிக்கிறார். பல் தேய்த்தாரா தெரியாது, எழுந்ததும் ஆட்டம். வெயிலில் காய்ந்த மொட்டைமாடியில் செருப்பில்லாமல் போனவர் போலத் துள்ளுகிறார். தரையில் தவழ்கிறார். சட்டையைக் கிழிக்கிறார். (அது என்ன பாவம் செய்தது?) பிறகு ரோஸ் கலர் பனியன் ஒன்றை மாட்டிக்கொண்டு மறுபடி ஆடுகிறார்.

பையன்கள் கொதித்துவிட்டார்கள். அவர்கள் கும்பிட்ட மற்ற பாடகர்கள் முடியைச் சுருட்டி, கண்ணுக்கு மை தீட்டி, தோலோடு ஒட்டிய கால்சட்டை போட்டவர்கள். அதெல்லாம் ஆண்மையாம்! கையில் கிதார் இருந்தால் எதை வேண்டுமானாலும் உடுத்தலாம். அதைக் கீழே வைத்துவிட்டு இடுப்பை ஆட்டினால்தான் ஆசாரம் கெட்டுவிடும். அதே வருஷம் குயின் குழுவினர் ஒரு வீடியோவில் பெண் வேஷத்தில் வந்தபோதும் இங்கிலாந்து சிரித்தது, அமெரிக்கா முகத்தைச் சுளித்தது. என்னைக் கேட்டால், ஸ்கொயரின் குற்றம் நிறமில்லை, தாளம். பாட்டு ஒரு பக்கம் போக, கால் இன்னொரு பக்கம் போகிறது.

வேடிக்கை என்னவென்றால், பாட்டு ஓடியது. பில்போர்ட் பட்டியலில் 15-ஆம் இடம். அவருடைய எந்தப் பாட்டும் அதற்கு மேல் ஏறியதில்லை. அரங்குகள்தான் பாதி காலி என்று அவரே புலம்பினார், மேனேஜர்களை வீட்டுக்கு அனுப்பினார். ஒர்டேகாதான் கெடுத்தார் என்றார் ஸ்கொயர். எல்லாம் அவர் கேட்டதுதான் என்றார் ஒர்டேகா. 2011-இல் எம்டிவி என்ற பாட்டு சேனலின் வரலாறு எழுதியவர்கள் இந்தப் பஞ்சாயத்துக்கென்றே ஒரு அத்தியாயம் ஒதுக்கினார்கள்.

ஒர்டேகாவுக்கு ஒரு சேதமும் இல்லை. ‘டர்ட்டி டான்ஸிங்’ படத்தில் ஊரையே ஆடவைத்தார், பிறகு ‘ஹை ஸ்கூல் மியூசிக்கல்’ எடுத்தார். ஸ்கொயருக்குக் கைகொடுத்தது 1980-இல் போட்ட ‘தி பிக் பீட்’ பாட்டு. அதன் டிரம்ஸை ராப்காரர்கள் அள்ளிக்கொண்டு போனார்கள். ஜே-ஸியின் ‘99 பிராப்ளம்ஸ்’ எடுத்தது அதை, எமினெமின் ‘பெர்ஸெர்க்’ எடுத்தது ‘தி ஸ்ட்ரோக்’கை; இரண்டிலும் எழுதியவர்கள் பட்டியலில் ஸ்கொயர் பெயர் இருக்கிறது. அவற்றுக்கு அவர் ஆட வேண்டிய அவசியமும் வரவில்லை.