கல்லுக்குள்ள போறதுன்னா நகையை மீட்டுட்டுப் போ

வாடா பேராண்டி, இப்படித் திண்ணையில உக்காரு. அந்த போனைக் கொஞ்சம் கவுத்து வை. எங்கியோ ஒரு பாறை இருக்குதாமே, அதுக்குள்ள ஒரு ராத்திரி படுத்து எழுந்தா வெளிய நூறு வருசம் ஓடிப்போயிருக்குமாமே? விடிய விடிய அந்தக் கதையைப் படிச்சுட்டு, காலையில உங்க அம்மாகிட்ட "அந்த மாதிரி ஒரு எடம் கெடச்சா நான் போயிடுவேன்"ன்னு சொன்னியாம். அவ என்கிட்ட வந்து மூக்கைச் சிந்துறா.

நான் தடுக்க மாட்டேன், தாராளமா போ. நூறு வருசம் கழிச்சு வெளிய வந்தா உன் மூணு அரியர் பேப்பரைத் திருத்த வேண்டியவங்க ஒருத்தர்கூட உயிரோட இருக்க மாட்டாங்க. நல்ல ரோசனைதான். ஆனா உன் ஃபீஸு கட்ட உங்க அம்மா வச்ச நகை இருக்குது பாரு, அதுக்கு வட்டி பாறைக்கு உள்ள ஓடாது, வெளியதான் ஓடும். நூறு வருச வட்டியை எழுதணும்னா குறிஞ்சிப்பாடியிலேர்ந்து வடலூரு வரைக்கும் சுண்ணாம்படிச்ச சுவரு வேணும். அதனால மொதல்ல நகையை மீட்டு வச்சிட்டுப் போ.

இன்னொண்ணு. நீ என்னமோ புதுசுன்னு நெனைக்கிற. உனக்கு முன்னாடியே அந்த வீட்டுக்குக் குடி போனவன் ஒருத்தன் இருக்கான், தேரை. கொழம்புல உப்பில்லன்னு நீ மொகத்தைத் தூக்குறப்பெல்லாம் உன் பாட்டி சொல்லுவாளே, கல்லுக்குள்ள இருக்கிற தேரைக்கும் சாமி படியளக்குதுன்னு, அந்தத் தேரைதான். கன்னடத்துப் பக்கம் பேலூர் கோயில்ல ஜகணாச்சாரின்னு ஒரு சிற்பி செதுக்கின சாமிக்கு, பெத்த மகனே வந்து கல்லுல குத்தம் இருக்குன்னு சொன்னானாம். சந்தனத்தைப் பூசிப் பாத்தா எல்லா எடமும் காஞ்சுடுச்சு, தொப்புள்கிட்ட மட்டும் ஈரம். அங்க தட்டினா தண்ணியோட ஒரு தேரை வந்துச்சாம். நம்ம ஊருல இதைக் கேட்டுக் கன்னத்துல போட்டுக்குவோம். சீமையில ஒருத்தர், கல்லுக்குள்ள தேரை நெசமாவே பொழைக்குமான்னு பாக்கத் தேரையைப் பிடிக்கக் கெளம்பிட்டாரு.

வில்லியம் பக்லேண்ட்ன்னு பேரு. ஆக்ஸ்ஃபோர்டுல வாத்தியாரு. 1824-ல மெகலோசாரஸ்ங்கிற ராட்சசப் பல்லியைப் பத்தி மொதமொதலா எழுதினவரு. அவருக்குக் கண்ணுல படுற பிராணியையெல்லாம் சமைச்சு ருசி பாக்குற பழக்கமும் உண்டு. அவரு வீட்டுல அடுப்புக்குப் பக்கத்துல இருக்கிறதுக்குக் கல்லுக்குள்ள இருக்கிறதே மேலுன்னு தேரைங்களே நெனைச்சிருக்கும். 1825 நவம்பர்ல 24 தேரையைப் பிடிச்சாரு. பாதியைத் துவாரம் துவாரமா இருக்கிற சுண்ணாம்புக் கல்லுல குடைஞ்ச அறையில விட்டாரு, பாதியைக் கெட்டியான மணற்கல்லு அறையில. மேல கண்ணாடி மூடி, சுத்தியும் பூசி அடைச்சு, தோட்டத்துல மூணடி ஆழத்துல பொதைச்சிட்டாரு. அடுத்த வருசம் டிசம்பர்ல தோண்டினாங்க. மணற்கல்லுல இருந்ததெல்லாம் எப்பவோ செத்து நாறிப் போயிருந்துச்சு. சுண்ணாம்புக் கல்லுல இருந்த பெரிய தேரைங்க பல உசுரோட முழிச்சுக்கிட்டு இருந்துச்சு. ரெண்டு, எடைகூடக் கூடியிருந்துச்சு!

துள்ளாத, இரு. எடை கூடினதுல ஒண்ணோட கண்ணாடியில விரிசல் இருந்துச்சு, அது வழியா பூச்சி உள்ள போயிருக்கும். பக்லேண்ட் விடல. பொழைச்சதுங்களைத் திரும்பப் பொதைச்சாரு, அடுத்த வருசம் முடியறதுக்குள்ள எல்லாம் காலி. கல்லுக்குள்ள கெடைக்கிற தேரை, குட்டியா இருக்கிறப்ப இண்டு இடுக்குல நுழைஞ்சிருக்கும், வர்ற பூச்சியைத் தின்னு பெருத்திருக்கும், அப்புறம் வெளிய வர வழி பத்தாம மாட்டிக்கிட்டிருக்கும். அவ்வளவுதான் விசயம். உன்னைப் பாத்தா நுழையற சைஸும் தெரியல, பூச்சி திங்கிற ஆளாவும் தெரியல. உனக்குப் பரோட்டா இல்லாம பொழுது சாயாது.

ஆனாலும் பேரன் ஆசைப்பட்டுட்டியே. காலம் குழம்பிக் கெடக்கிற கல்லை நான் காட்டுறேன். கடலூரு போயி, புதுச்சேரி தாண்டினா, வானூர் தாலுக்காவுல திருவக்கரை. வக்ரகாளி கோயிலுக்குப் பௌர்ணமிக்குக் கூட்டம் நெறியும். சாமி கும்பிட்டுட்டுக் கூட்டம் அப்படியே பஸ் ஏறிடும். கூப்பிடு தூரத்துல கல்மரப் பூங்கா கெடக்குறதை எத்தன பேரு பாக்குறான்?

நானும் ஒரு தச்சரும் போனோம். நாப்பது வருசம் இழைப்புளி புடிச்ச கையி அவருக்கு. கெடந்த கட்டையைப் பாத்ததும் பழக்க தோசத்துல குனிஞ்சு உள்ளங்கையால தடவினாரு. "வைரம் பாஞ்ச மரம்ப்பா, கணு பாரு, ரேகை பாரு"ன்னு சொல்லிக்கிட்டே விரலை மடக்கித் தட்டினாரு. சத்தம் மரத்துச் சத்தமில்ல. டங்குன்னு காதுல வந்து விழுந்துச்சு. மடியிலேர்ந்து சாவியை எடுத்து ஓரமா உரசப் போனாரு, காவலாளி சத்தம் போட்டாரு. "கீறினாலும் சாவிதான்யா தேயும்"னு சொல்லிட்டுப் போனாரு அவரு. தச்சரு வெளிய வர்ற வரைக்கும் வாயே தொறக்கல.

ஊருக்காரங்க அதை வக்ராசுரனோட எலும்புன்னு சொல்லிக்கிட்டு இருந்தாங்க. 1781-ல சொன்னரான்னு ஒரு பிரெஞ்சுக்காரரு இதைப் பத்திக் குறிச்சாரு. 1940-ல இந்தியப் புவியியல் ஆய்வுத் துறை பூங்காவாக்கிப் பாதுகாத்துச்சு. சுமார் 2 கோடி வருசத்துக்கு முந்தின மரம். புளிய மரத்து வகையறாவும் இருக்குது, ஆமணக்கு வகையறாவும் இருக்குது. ஒண்ணுலயும் பட்டை இல்ல, வேரு இல்ல, கெளை இல்ல. இங்க மொளைச்சதில்ல, வெள்ளம் உருட்டிக்கிட்டு வந்து மணலுக்குள்ள தள்ளின கட்டைங்க அது. மேல மண்ணு மூடினதும் காத்து போகல, அதனால மக்கல. மண்ணுக்குள்ள ஊறின தண்ணி, கரைஞ்ச மணல் சத்தை, சிலிகாவைக் கொண்டு வந்து மரத்துல இம்மி இம்மியா எறக்குச்சு. மரம் போகப் போகக் கல்லு உக்காந்துச்சு. வளையம் அப்படியே, கணு அப்படியே. மரந்தான் கிட்டத்தட்ட இல்ல.

அது கெடக்கிற அடுக்குக்குப் பேரு என்னா தெரியுமா? கடலூர் மணற்கல். நம்ம ஊருப் பேரு! கேப்பர் மலையில செக்கச்செவேல்னு தெரியுதே, அதேதான். நெய்வேலியில கரிக்கு மேல வெட்டித் தள்ளுறதும் அந்த வகையறாதான்.

அந்தக் கரியும் மரந்தான்டா. திருவக்கரைக் கட்டைக்குப் பங்காளின்னு வச்சுக்க. சதுப்புத் தண்ணியில மூழ்கி, மேல மேல பாரம் ஏறி, கல்லாகாம கரியாயிடுச்சு. இன்னும் பாதி எடை தண்ணிதான், ஒடைச்சா சில துண்டுல மர நாரு கண்ணுக்குத் தெரியும். 1930-கள்ல நெய்வேலியில ஜம்புலிங்க முதலியாரு நெலத்துல கெணறு தோண்டுறப்ப கறுப்பா வந்துச்சு, 1956-ல கம்பெனி ஆச்சு, 1961-ல சுரங்கத்துல கரி கண்ணுல பட்டுச்சு. ஒரு பங்காளி வேலிக்குள்ள சட்டமா படுத்திருக்கான், அவனைத் தொட்டா காவலாளி சத்தம் போடுவாரு. இன்னொருத்தனை ராப்பகலா வெட்டி எரிக்கிறோம். ராத்திரி ஒரு மணிக்கு நீ போனுக்கு சார்ஜ் போட்டியே, அந்தக் கரண்டுல அவனும் கொஞ்சம் எரிஞ்சிருப்பான். கோடி வருசம் மண்ணுக்குள்ள கெடந்தவன், நீ மாயப் பாறைக் கதை படிக்கிறதுக்காக!

ஞாயித்துக்கெழம காலையில ஆறு மணிக்குக் கெளம்பு, திருவக்கரைக்கு நானும் வரேன். பஸ்ஸுல படிக்கிறதுக்கு அந்த அரியர் புஸ்தகத்தையும் எடுத்துக்க. என்ன முழிக்கிற? மூணுல ஒண்ணு ஜியாலஜின்னு உங்க அம்மா அப்பவே சொல்லிட்டா.